சீதா கல்யாணம் முதல் சிவகவி வரை: எஸ். ராஜத்தின் திரைவாழ்வும் இசைவாழ்வும்

தமிழ்த் திரைப்பட வரலாறு எழுதுவோர் எஸ். ராஜம் என்னும் பெயரை ஓரிரு வரிகளில் கடந்து செல்வது வழக்கமாக உள்ளது. 1934ஆம் ஆண்டின் 'சீதா கல்யாணம்' படத்தில் இராமனாக நடித்தவர் என்பது ஒரு வரி; வீணை எஸ். பாலசந்தரின் தமையனார் என்பது மற்றொரு வரி. கருநாடக இசை பயில்வோரோ அவரை விவாதி மேளங்களைத் துணிந்து பாடிய இசைவாணராக அறிவர். ஓவியத்துறையினர் சங்கீத மும்மூர்த்திகளின் திருவுருவத்தை வரைந்தவராக அறிவர். இம்மூன்று துறையினரும் மூன்று வேறு மனிதரைக் குறித்துப் பேசுவது போலவே எழுதி வந்துள்ளனர். ஒரே மனிதரின் வாழ்வில் இவை மூன்றும் எவ்வாறு ஒன்றிலிருந்து ஒன்று கிளைத்தன என்பதும், திரைத்துறை அவரை விட்டதா, அவர் திரைத்துறையை விட்டாரா என்பதும் ஆராயத்தக்கன. இவ்வினாவிற்கு விடை காண முற்படும்போது தமிழ்ப் பேசும்படத்தின் முதற் பத்தாண்டுகளைப் பற்றிய நம் புரிதலும் ஓரளவு திருத்தம் பெறுகிறது.

பம்பாயும் தமிழ்ப் பேசும்படமும்

தமிழ்ப் பேசும்படம் தமிழகத்தில் பிறக்கவில்லை. அர்தேஷிர் இரானியின் 'ஆலம் ஆரா' 1931 மார்ச்சு 14 அன்று பம்பாயில் வெளிவந்தது. அதே ஆண்டு அவருடைய இம்பீரியல் நிறுவனம் எச். எம். ரெட்டியின் இயக்கத்தில் 'காளிதாஸ்' படத்தைப் பம்பாயிலேயே உருவாக்கி, அக்டோபர் 31 அன்று சென்னையில் வெளியிட்டது. கதைத்தலைவி டி. பி. ராஜலட்சுமி, பாடல்களைத் தந்தவருள் மதுரகவி பாஸ்கரதாஸ் குறிப்பிடத்தக்கவர். ஒரே படத்தில் தமிழும் தெலுங்கும் கலந்தொலித்ததும், கதைக்குத் தொடர்பற்ற கீர்த்தனைகளும் தேசியப் பாடல்களும் இடம்பெற்றதும் இன்று விந்தையாகத் தோன்றலாம். ஆயினும், அந்நாளைய பார்வையாளர் கதையைக் காண்பதற்கு மட்டும் கொட்டகைக்குச் செல்லவில்லை. திரை பாடுவதைக் கேட்கச் சென்றனர்.

அடுத்து வந்த ஆண்டுகளிலும் தமிழ்ப் படங்கள் பம்பாயின் சாகர் நிறுவனத்திலும் கல்கத்தாவின் பயனியர் நிறுவனத்திலும் எடுக்கப்பெற்றன. 1934ஆம் ஆண்டில் ஏ. நாராயணன் 'சீனிவாசா சினிடோன்' என்னும் ஒலிப்பதிவுக் கூடத்தைச் சென்னையில் நிறுவும் வரை தமிழ் நடிகரும் பாடகரும் பக்கவாத்தியக்காரரும் இரயிலேறி வடக்கே செல்ல வேண்டிய நிலையே இருந்தது. இதனால் விளைந்த ஒன்றைத் திரைப்பட ஆய்வாளர் போதிய அளவு கருதியதில்லை. இயக்குநருக்குத் தமிழ் தெரியாது, ஒலிப்பதிவாளருக்கும் தெரியாது, அரங்கமைப்போருக்கும் தெரியாது. உரையாடலின் சரி பிழையை அவர்களால் உணர இயலாது. மொழி அறியாதவருக்கும் புலனாவது இசை. ஆகவே, பாட வல்லவரைத் தேர்வதே தயாரிப்பாளருக்குப் பாதுகாப்பான வழியாக இருந்தது எனலாம். தமிழ்ப் பேசும்படம் பாடும் படமாகவே அமைந்தமைக்கு நாடக மரபு ஒரு காரணம் என்பது பலரும் கூறுவது. படப்பிடிப்பு நடந்த இடமும் ஒரு காரணம் என்பதையும் அதனோடு சேர்த்துக் கருத வேண்டும்.

இக்காலத்தில் பம்பாயில் தமிழர் இல்லாமலில்லை. திருநெல்வேலிப் பகுதியிலிருந்து தோல் தொழிலை நாடிச் சென்றவர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதி முதலே தாராவியில் குடியேறியிருந்தனர். 1896இல் பரவிய கொள்ளைநோயை அடுத்து நகர மேம்பாட்டுக் குழுமம் வகுத்த தாதர்-மாதுங்கா திட்டத்தின் வழியே உருவான மனைகளில் அலுவலகப் பணியாளரான தென்னிந்தியர் பெருகினர். 1932இல் தென்னிந்தியக் கல்விச் சங்கம் அங்கே தோன்றியது. பின்னாளில் செம்பூருக்கும் இக்குடியிருப்பு விரிந்தது. மாதுங்கா கிங்ஸ் சர்க்கிளின் அரோரா திரையரங்கு தமிழ்ப் படங்களின் இல்லமாகவே நெடுங்காலம் விளங்கியதும், 1952இல் தொடங்கப்பெற்ற சண்முகானந்த சபை 1963இல் தன் பேரரங்கைத் திறந்ததும் இவ்வரலாற்றின் தொடர்ச்சிகளே. தமிழ்ப்படம் பிறந்த நகரிலேயே அதற்கொரு பார்வையாளர் கூட்டமும் வளர்ந்தது என்பது மனங்கொள்ளத்தக்கது.

கோலாப்பூர்ப் பயணம்

பம்பாயை அடுத்து மேற்கிந்தியத் திரைத்தொழிலின் இரண்டாம் தலைநகராக இருந்தது கோலாப்பூர். வி. சாந்தாராம், விஷ்ணுபந்த் தாம்லே, எஸ். ஃபத்தேலால், கேசவராவ் தைபர், சீதாராம் குல்கர்ணி ஆகியோர் கூடி 1929இல் அங்கே பிரபாத் நிறுவனத்தை ஏற்படுத்தினர். 1932இல் வெளிவந்த 'அயோத்தியேச்சா ராஜா' அதன் பெருமையை நிலைநாட்டியது. 1933இல் பிரபாத் புனேவிற்கு இடம்பெயர்ந்தது. அந்த வளாகத்தில்தான் இன்று இந்தியத் திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனம் இயங்குகிறது. இந்நிறுவனம் தமிழில் எடுத்த படம் 'சீதா கல்யாணம்'. இயக்கியவர் பாபுராவ் பெண்டார்கர்.

கோலாப்பூர் வெறும் படப்பிடிப்புத் தளம் அன்று. அல்லாதியா கான் போன்ற பேரிசைவாணர் அரசவையில் வீற்றிருந்த ஊர் அது. இரயில் வழியில் அதற்குச் சற்று முன்னர் உள்ள மீரஜ் தம்புரா செய்வோருக்குப் பெயர் பெற்றது. அப்துல் கரீம் கான் வாழ்ந்த ஊருமாகும். மராத்திய நாடக இசை பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலேயே தஞ்சைக்கும் சென்னைக்கும் வந்து தமிழ் நாடக மேடையின் மெட்டுக்களில் கலந்திருந்தது. ஆகவே, மயிலாப்பூரிலிருந்து கோலாப்பூருக்குச் சென்ற குழு இசைவழியில் முற்றிலும் அந்நியமான நிலத்திற்குச் சென்றது எனக் கூறுவதற்கில்லை.

அக்குழுவின் நடுநாயகமாக இருந்தவர் வி. சுந்தரம் ஐயர். தொழிலால் வழக்கறிஞர், நாட்டத்தால் இசைப் புரவலர். மயிலாப்பூர் நடுத்தெருவில் இருந்த அவரது இல்லத்தில் ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதர், பாபநாசம் சிவன் முதலியோர் வந்து பழகினர். 1919 பிப்ரவரி 10 அன்று பிறந்த ராஜம் இச்சூழலில் வளர்ந்தவர். இசை அவருக்குப் பள்ளியில் சென்று கற்ற பாடமாக அன்றி, வீட்டுத் திண்ணையிலும் கூடத்திலும் காதில் விழுந்துகொண்டே இருந்த ஒன்றாக அமைந்தது.

'சீதா கல்யாண'த்தில் ராஜம் இராமன்; அவருடைய தங்கை ஜயலட்சுமி சீதை. தந்தை சுந்தரம் ஐயரும் அப்படத்தில் வேடம் புனைந்தார். 1927இல் பிறந்த இளையவர் பாலசந்தர், இராவணனின் அவைக்களக் காட்சியில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவனாகத் தோன்றினார். பாடல்கள் இயற்றியவர் பாபநாசம் சிவன். திரைக்கு அவர் எழுதிய முதற் படம் இதுவே. பின்னாளில் 'தமிழ்த் தியாகையர்' எனப் போற்றப்பெற்றவரின் திரைப்பணி மராத்திய மண்ணில் எடுக்கப்பட்ட ஒரு படத்தில் தொடங்கியது என்பது இசை வரலாற்றுக்கும் உரிய செய்தி.

உடன்பிறந்தோர் இருவர் கணவன் மனைவியாக, அதிலும் இராமன் சீதையாக, நடித்தமை அந்நாளில் பேசுபொருளாயிற்று. இன்றைய எழுத்தாளரும் இதனை ஒரு சுவைச் செய்தியாகக் குறிப்பிட்டு நகர்கின்றனர். இச்செய்தியின் உட்கிடை சற்று ஆழமானது. 1930களின் தொடக்கத்தில் திரையில் தோன்றும் பெண்கள் நாடகக் குழுக்களிலிருந்தோ தேவதாசி மரபினரிடமிருந்தோ வந்தனர். பிற குடும்பத்துப் பெண் ஒருத்தி முகம் தெரியாத ஆடவனின் எதிரே நின்று காதற்பாட்டுப் பாடுவதை அக்காலச் சமூகம் ஏற்பதாக இல்லை. தந்தை உடனிருக்க, தமையன் எதிரில் நிற்க, இளைய தம்பி கஞ்சிரா தட்ட, ஒரு குடும்பம் முழுவதும் படப்பிடிப்புக்குச் சென்றபோது அத்தடை நீங்கிற்று. ஆனால், அந்த ஏற்பாடே வேறொரு முரண்பாட்டைத் தோற்றுவித்தது. மானம் காக்க மேற்கொண்ட வழியே பழிச்சொல்லுக்கு இடம் தந்தது எனலாம். ஜயலட்சுமியை இந்நிகழ்ச்சியின் துணைப்பாத்திரமாகவே பலரும் கருதுகின்றனர்; பாட்டும் நடிப்பும் ஒருங்கே அமைந்த அவர் தனியே ஆராயப்பட வேண்டியவர்.

பாடும் நடிகரின் காலம்

ராஜம் நடித்த பிற படங்கள் 'ராதா கல்யாணம்', 'ருக்மணி கல்யாணம்', 'சிவகவி' ஆகியன. முதல் இரண்டும் 1930களின் நடுப்பகுதியைச் சார்ந்தவை. மூன்று 'கல்யாண'ப் படங்களை அடுத்தடுத்து நடித்த இளைஞர் இருபது வயதை எட்டும் முன்னரே திரையிலிருந்து விலகி நின்றார்.

இதனைத் தோல்வி எனக் கொள்ளலாமா என்பதை அக்காலத்துப் பிற இசைவாணரின் திரைவாழ்வோடு ஒப்பிட்டே துணிய வேண்டும். ஜி. என். பாலசுப்பிரமணியம் 'பாமா விஜயம்' (1934), 'சகுந்தலை' (1940) முதலிய படங்களில் நடித்தார். மகாராஜபுரம் விசுவநாத ஐயர் 1935இன் 'நந்தனா'ரில் கே. பி. சுந்தராம்பாளுடன் தோன்றினார். முசிறி சுப்பிரமணிய ஐயர் 1938இல் 'துக்காராம்' ஆனார். எம். எஸ். சுப்புலட்சுமி 'சேவாசதனம்' (1938) முதல் 'மீரா' (1945) வரை நடித்தபின் மேடைக்கே உரியவரானார். வி. வி. சடகோபன் 'நவயுவன்' (1937), 'மதனகாமராஜன்' (1941) முதலிய படங்களால் புகழின் உச்சியில் இருந்தபோதே திரையை நீத்து இசைக்கல்விப் பணியை மேற்கொண்டார். இவர்களுள் எவரும் திரையில் நிலைத்திலர். எனவே, ராஜத்தின் விலகல் ஒரு தனிமனிதரின் குறைபாடு அன்று. ஒரு தலைமுறையின் பொதுப்போக்கு.

இப்போக்கிற்குக் காரணங்கள் சில. முதலாவது, ஒலிப்பதிவு முறை. தொடக்கக்காலப் பேசும்படத்தில் நடிகர் படப்பிடிப்பின் போதே பாட வேண்டும். ஒலிவாங்கி படச்சட்டத்திற்கு வெளியே, தலைக்கு மேல் தொங்கும். பக்கவாத்தியக்காரர் மரத்தின் பின்னோ தூணின் பின்னோ மறைந்திருந்து வாசிப்பர். நடிகர் ஒலிவாங்கியை விட்டு அகல இயலாது. ஆகவே நின்ற இடத்திலேயே நின்று பாடினார். கச்சேரி மேடையில் அமர்ந்து பாடிப் பழகியவருக்கு இது இடர்ப்பாடாக இல்லை. சொல்லப்போனால் அனுகூலமாகவே இருந்தது. 1938இல் வெளிவந்த 'நந்தகுமார்' படத்தில் ஒருவர் குரலை மற்றொருவர் வாயசைவோடு இணைக்கும் பின்னணிப் பாடல் முறையை ஏ. வி. மெய்யப்ப செட்டியார் கையாண்டார். அன்று முதல், பாடத் தெரிந்தவர் நடிக்க வேண்டும் என்னும் கட்டாயம் படிப்படியாகத் தளர்ந்தது. நடிகர் நடந்துகொண்டும் ஓடிக்கொண்டும் 'பாட'லாயினர்.

இரண்டாவது காரணம், இரண்டாம் உலகப் போரினால் ஏற்பட்ட கச்சாப் பிலிம் தட்டுப்பாடு. படத்தின் நீளம் 11,000 அடியைத் தாண்டலாகாது என அரசு விதித்தபோது, நாற்பது ஐம்பது பாடல்களைத் தாங்கிய படங்கள் இயலாதனவாயின. உரையாடலுக்கும் கதைக்கும் இடம் ஒதுக்கப் பாடல்களைக் குறைத்தனர். இளங்கோவன் போன்றோரின் உரைநடை அழகு பார்வையாளரை ஈர்க்கத் தொடங்கியதும் இக்காலமே. பாடலுக்காக நடித்தவரின் தேவை இவ்வாறு இருபுறமும் சுருங்கிற்று.

மூன்றாவதாக ஒன்றையும் கூறலாம். மயிலாப்பூர் போன்ற சூழலில் திரைப்படம் இசைவாழ்வின் ஒரு நிழல் வேலையாகவே எண்ணப்பட்டது. பணமும் புகழும் வரும். ஆயினும் சபையில் அமர்ந்து பாடுவதே தகுதி. இக்கருத்து நியாயமானதா என்பது வேறு. அதனால் திரைவரலாறு இழந்தது மிகுதி.

சிவகவியின் முருகன்

1930களின் தமிழ்ப் படங்களுள் பெரும்பாலானவற்றின் படச்சுருள்கள் அழிந்தன. 'காளிதாஸ்' அவற்றுள் ஒன்று. ராஜத்தைத் திரையில் காண விரும்புவோருக்கு எஞ்சியுள்ள தலையாய வாய்ப்பு 1943இல் வெளிவந்த 'சிவகவி'. எஸ். எம். ஸ்ரீராமுலு நாயுடு இயக்கிய இப்படத்தில் எம். கே. தியாகராஜ பாகவதர் கதைத்தலைவர். பாடல்கள் பாபநாசம் சிவன், இசை ஜி. ராமநாதன், உரையாடல் இளங்கோவன். ஜயலட்சுமி பாகவதரின் இணையாகவும், டி. ஆர். ராஜகுமாரி மற்றொரு முதன்மை வேடத்திலும் நடித்தனர். ராஜம் முருகனாகத் தோன்றினார்.

இப்படத்தின் மூலம் தமிழறிஞர்க்கு நன்கு அறிமுகமானது. 'தஞ்சைவாணன் கோவை' பாடிய பொய்யாமொழிப் புலவரைப் பற்றிய செவிவழிக் கதையே அது. சிவனைப் பாடிய நாவால் அவன் மகனைப் பாடேன் என்று பொய்யாமொழியார் மறுத்ததாகவும், முருகன் வேட்டுவச் சிறுவனாகக் காட்டில் எதிர்ப்பட்டு, தன்மீது பாடுமாறு அவரை வற்புறுத்தியதாகவும், பாடிய பாட்டில் குற்றம் கண்டு தானே பாடிக்காட்டி அவரது செருக்கை அடக்கியதாகவும் அக்கதை செல்கிறது. தனிப்பாடல் மரபில் இக்கதைக்கு ஒரு நிலையான இடம் உண்டு. புலவரின் பிடிவாதத்தைக் கடவுள் தண்டனையால் அன்றிப் புலமையால் வெல்வது இதன் சுவை. வேடன் புலவனைத் திருத்துகிறான் என்னும் அமைப்பில், கற்றோர் கல்லாதோர் என்னும் வேறுபாட்டைத் தமிழ் மரபு தானே எள்ளி நகையாடும் ஒரு தருணமும் பொதிந்துள்ளது.

இக்கதையில் முருகனாக வருபவருக்கு உள்ள பொறுப்பு எளிதன்று. தமிழகத்தின் பெரும் பாடும் நடிகரான பாகவதர் எதிரே நிற்க, அவரைத் திருத்தும் கடவுளாக இருபத்து நான்கு வயது ராஜம் தோன்ற வேண்டும். பாகவதரின் குரல் நாடக மேடையில் ஒலிபெருக்கியின்றி வளர்ந்த குரல். மேல் தாயியில் நின்று ஒளிவிடுவது. கூட்டத்தை நோக்கிப் பாடுவது. ராஜத்தின் பயிற்சியோ கூடத்திலும் சிறு சபையிலும் அமைந்தது. தோற்றத்தில் மென்மையும் அசைவில் அடக்கமும் உடைய அவருக்கு, கடவுளை அமைதியாகக் காட்டுவதே ஏற்றதாயிற்று. திரையில் அவர் இயற்ற வல்லதன் எல்லையும் இதனாலேயே தெரியவருகிறது. இராமன், கண்ணன், முருகன் என அவர் ஏற்றவை தெய்வ வேடங்களே. மனிதரின் ஐயமும் சினமும் ஆசையும் கொண்ட பாத்திரம் எதுவும் அவருக்கு வாய்க்கவில்லை. புராணப் படங்களின் செல்வாக்குக் குன்றிச் சமூகப் படங்கள் பெருகியபோது, இவ்வகை நடிகருக்குத் திரையில் இடமில்லாமற் போனது இயல்பே.

குடும்பத்தின் திரைத்தொடர்பு அவரோடு முடியவில்லை. கஞ்சிராச் சிறுவன் பாலசந்தர் நடிகராக, இசையமைப்பாளராக, இயக்குநராக வளர்ந்து, 1954இல் 'அந்த நாள்' என்னும் பாடல்களே இல்லாத படத்தை இயக்கினார். பாடுவதற்காகவே திரையில் நுழைந்த ஒரு குடும்பத்திலிருந்து, இருபதாண்டுகளில், பாட்டை முற்றாக விலக்கிய படம் தோன்றியமை தமிழ்த் திரையின் போக்கை ஒரே வீட்டிற்குள் காட்டிவிடுகிறது.

வானொலியும் எழுபத்திரண்டு மேளங்களும்

திரையை விட்ட ராஜம் சென்றடைந்த இடம் வானொலி. சென்னை வானொலி நிலையம் 1938 சூன் 16 அன்று தொடங்கியது. அதன் இசைப் பிரிவில் அவர் பல ஆண்டுகள் பணியாற்றினார். வானொலிப் பணி இசைவாணருக்கு மாத ஊதியத்தையும் ஒலிவாங்கிக்கு ஏற்ற குரலையும் ஒருசேர அளித்தது. அதனினும் மேலாக, சபை மேடை ஏற்காத அரிய உருப்படிகளைப் பாடுவதற்குரிய சுதந்திரத்தை அளித்தது. கைதட்டலை எதிர்நோக்காத இடத்தில்தான் சில சோதனைகள் இயலும்.

ராஜத்தின் இசைப் பயிற்சி பல வழிகளில் வந்தது. பாபநாசம் சிவனிடம் நேரே பாடம் கேட்டார். முத்துசாமி தீட்சிதரின் கீர்த்தனங்களை, 'சங்கீத சம்பிரதாய பிரதர்சினி' ஆசிரியர் சுப்பராம தீட்சிதரின் மைந்தரான அம்பி தீட்சிதரிடம் கற்றார். மதுரை மணி ஐயரின் தொடர்பும் உண்டு. இப்பயிற்சி அவரை வழிவழி வந்த பாடாந்தரத்தின் காவலராக மட்டும் ஆக்கியிருக்கலாம். அவரோ வேறொரு பாதையையும் தேர்ந்தார்: கோடீசுவர ஐயரின் தமிழ்க் கீர்த்தனங்கள்.

கவிகுஞ்சர பாரதியின் பேரரான கோடீசுவர ஐயர் (1870-1938) முருகன் மீது எழுபத்திரண்டு மேளகர்த்தா இராகங்களிலும் தமிழில் கீர்த்தனம் இயற்றினார். 'கந்த கானாமுதம்' என்பது அத்தொகுதி. இவற்றுட் பல மேடையில் பாடப்படாமல் நூலளவிலேயே கிடந்தன. காரணம், விவாதி மேளங்களைப் பற்றிய அச்சம்.

இங்கு ஒரு விளக்கம் வேண்டற்பாலது. மேளகர்த்தா அமைப்பில் ரிஷபமும் காந்தாரமும் அடுத்தடுத்த சுருதிநிலைகளில் நெருங்கி நிற்கும் இருவகைச் சேர்க்கைகள் உண்டு: சுத்த ரிஷபமும் சுத்த காந்தாரமும், ஷட்சுருதி ரிஷபமும் அந்தர காந்தாரமும். தைவத நிஷாதங்களிலும் அவ்வாறே. இச்சேர்க்கை உடையவை விவாதி மேளங்கள். பன்னிரண்டு சக்கரங்களுள் முதலாவது, ஆறாவது, ஏழாவது, பன்னிரண்டாவது ஆகிய நான்கும் முழுமையாக விவாதி. ஆகவே இருபத்து நான்கு மேளங்கள். எஞ்சிய எட்டுச் சக்கரங்களில் முதல் மேளமும் ஆறாம் மேளமும் விவாதி, ஆகவே பதினாறு. மொத்தம் நாற்பது. எழுபத்திரண்டில் நாற்பது என்றால் பாதிக்கும் மேல். இவற்றைப் பாடினால் பாடுவோருக்குத் தீங்கு விளையும் என்னும் நம்பிக்கை இசைவாணரிடையே நிலவியது. அவ்வச்சத்தை மதித்தால் அமைப்பின் பெரும்பகுதி ஏட்டளவில் நின்றுவிடும். ராஜம் இதனை ஏற்காமல், விவாதி இராகங்களைக் கச்சேரியிலும் வானொலியிலும் ஆலாபனையோடு பாடினார். கோடீசுவர ஐயரின் எழுபத்திரண்டு கீர்த்தனங்களையும் பாடிப் பதிவு செய்தார். நீண்ட ஆயுளோடு அவர் வாழ்ந்ததே அந்த நம்பிக்கைக்குத் தக்க மறுப்பாக அமைந்தது என இசைவாணரிடையே வேடிக்கையாகக் கூறுவதுண்டு.

இப்பணிக்கு மொழிசார்ந்த ஒரு பரிமாணமும் உண்டு. தமிழிசை இயக்கம் 1941இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத் தீர்மானத்தின் வழியே வலுப்பெற்று, 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கமாக நிலைபெற்றது. 'சிவகவி' வெளிவந்த ஆண்டும் அதுவே. அவ்விவாதத்தில் எதிர்த்தரப்பினர் அடிக்கடி எடுத்துரைத்த வாதம், கனமான இராகங்களைத் தாங்கும் உருப்படிகள் தமிழில் போதிய அளவு இல்லை என்பது. எழுபத்திரண்டு மேளங்களுக்கும் தமிழ்க் கீர்த்தனம் அச்சில் இருக்கும்போதே அவ்வாதம் எழுப்பப்பட்டது என்பதை இன்று எண்ணிப் பார்க்க வேண்டும். மேடையில் ஒலிக்காத பாட்டு இல்லாத பாட்டாகவே கருதப்பட்டது. ராஜம் எந்த இயக்கத்தின் பேச்சாளராகவும் விளங்கவில்லை. தியாகையரையும் தீட்சிதரையும் விட்டுக் கொடுக்கவும் இல்லை. ஆயினும், அந்த வாதத்திற்குரிய விடையைப் பாடிக்காட்டியவர்களுள் அவர் ஒருவர். தமிழிசை வரலாறு எழுதுவோர் மேடைப் பேச்சுகளுக்கும் மாநாட்டுத் தீர்மானங்களுக்கும் தரும் இடத்தில் சிறு பகுதியையேனும் இவ்வகைப் பணிக்குத் தந்திருக்கலாம்.

தூரிகை

ராஜம் சென்னை அரசுக் கலைப் பள்ளியில் ஓவியம் பயின்றவர். அந்நாளில் அதன் தலைவராக இருந்தவர் தேவிபிரசாத் ராய் சௌத்ரி. எண்ணெய் வண்ணத்தில் உடலமைப்பை உள்ளவாறு தீட்டும் மேலைமுறையை விட, அசந்தா, சித்தன்னவாசல் சுவரோவியங்களின் கோட்டு மரபே ராஜத்தைக் கவர்ந்தது. நீர்வண்ணத்தில், மெல்லிய கோடுகளால், நிழல் விழாத உருவங்களை அவர் தீட்டினார். தீபாவளி மலர்களின் வழியே இவ்வோவியங்கள் தமிழ் வீடுகளை அடைந்தன.

அவருடைய ஓவியங்களுள் மிகுதியும் பரவியது 1940களில் அவர் வரைந்த சங்கீத மும்மூர்த்திகளின் படம். சியாமா சாஸ்திரிகள் 1827இலும், முத்துசாமி தீட்சிதர் 1835இலும், தியாகையர் 1847இலும் மறைந்தனர். இவர்களுள் எவருக்கும் ஒளிப்படம் இல்லை. எனினும், இன்று மும்மூர்த்திகள் என்றவுடன் மனக்கண்ணில் எழுவது பெரும்பாலும் ராஜம் அமைத்த உருவங்களே. மயிலாப்பூர் முதல் மாதுங்கா வரை சபை மண்டபங்களிலும் இசைப் பள்ளிகளிலும் இல்லங்களின் பூசையறைகளிலும் இப்படமோ இதன் வழிவந்த படமோ தொங்குகிறது. வரைந்தவரின் பெயரை அறியாமலே ஒவ்வோர் ஆண்டும் தியாகையர் ஆராதனையில் அதற்கு மாலை சூட்டுகின்றனர்.

முத்தையா பாகவதரின் 'சங்கீத கல்பத்துருமம்' ஏழு சுரங்களுக்கும் உரிய தெய்வ வடிவங்களை விவரிக்கிறது. அவ்விவரிப்பைத் தழுவி ராஜம் ஏழு சுர தேவதைகளையும் தீட்டினார். சிறுவயதில் தம் வீட்டிற்கு வந்து பழகிய பெரியவரின் நூலை, ஓவியனாகவும் பாடகனாகவும் ஒருசேர நின்று அவர் வாசித்த முறை இது. சுரத்திற்கு நிறமும் ஊர்தியும் கூறும் நூற்பகுதிகளை இசை ஆய்வாளர் பெரும்பாலும் கற்பனை என்று ஒதுக்குவர். பாடுபவர் ஒருவர் அவற்றைக் கண்ணால் காணத்தக்கனவாகச் செய்தபோது, அவை ஒரு காலத்தின் இசைச் சிந்தனைக்குச் சான்றாகின்றன.

திரையில் அவர் ஏற்ற தெய்வ வேடங்களுக்கும் தூரிகையால் தீட்டிய தெய்வ உருவங்களுக்கும் உள்ள உறவையும் சுட்டலாம். ஒலிவாங்கியின் கட்டுக்குள் அசையாது நின்று பாடிய இராமனின் நிலை, அசந்தாக் கோட்டு மரபில் அசைவை உள்ளடக்கி நிற்கும் உருவத்தின் நிலையோடு ஒத்தது. நடிகராக அவருக்குக் குறையாக அமைந்த அடக்கம், ஓவியராக அவருக்கு நிறையாயிற்று.

தம்பி பாலசந்தர் 1990இல் மறைந்தார். தமையனார் அதன்பின்னரும் இருபதாண்டுகள் நடுத்தெரு இல்லத்தில் பாடியும் வரைந்தும் வாழ்ந்து, 2010 சனவரி 29 அன்று காலமானார். தொண்ணூற்றொரு வயது நிறைவதற்குப் பன்னிரண்டு நாள்களே இருந்தன.